மேடையும் திரையும்

அமெரிக்க நாடக உலகில் பெரிதும் மதிக்கப்பெறுவது டோனி விருதாகும். நடிகையாகவும் இயக்குநராகவும் விளங்கிய அன்டாய்னெட் பெரி அம்மையார் 1946இல் மறைந்தார். அவர்தம் நினைவாக 1947ஆம் ஆண்டு ஏப்ரல் திங்களில் நியூயார்க் நகர விடுதியொன்றில் முதல் விழா நிகழ்ந்தது. 1967 முதல் அவ்விழா தொலைக்காட்சி வழியே அந்நாடு முழுவதும் காட்டப்பெற்று வருகிறது. நியூயார்க்கின் பிராட்வே அரங்குகளுக்கு வர இயலாத கோடிக்கணக்கானோர்க்கு நாடகக் கலையை அறிமுகம் செய்த பெருமை இவ்வொளிபரப்புக்கு உண்டு. அதனை மறுப்பார் இலர்.

ஆயினும், ஈண்டு எண்ணத்தக்க குறை ஒன்றுளது. இசை நாடகத்திற்கும் உரையாடல் நாடகத்திற்கும் தனித்தனியே சிறந்த படைப்புக்கான விருது உண்டு. விதியளவில் இரண்டும் சமமே. திரையிலோ அச்சமநிலை நிற்பதில்லை.

காரணம் வெளிப்படை. பாடலும் ஆடலும் சில நிமிடங்களில் முழுமை பெறுவன. 1976இல் ஒன்பது விருதுகளை வென்ற ‘எ கோரஸ் லைன்’ என்னும் இசை நாடகம், வாய்ப்புத் தேடி வரிசையில் நிற்கும் ஆடற்கலைஞர்களைப் பற்றியது. அவர்தம் ஏக்கத்தை ஒரே ஆடலில் பார்வையாளர் உணர்ந்துவிடலாம். 1949இல் சிறந்த நாடகமெனப் பரிசு பெற்ற ஆர்தர் மில்லரின் ‘விற்பனையாளன் ஒருவனின் மரணம்’ அத்தகையதன்று. வில்லி லோமனின் கல்லறையருகே அவன் மனைவி நிற்கும் இறுதிக்காட்சி, அதற்கு முன் நிகழ்ந்த பொய்களையும் கனவுகளையும் தந்தை மகன் பூசலையும் அறிந்தவர்க்கே நெஞ்சை உருக்கும். அதனை மட்டும் வெட்டியெடுத்துக் காட்டினால் அழுகை தெரியும். அழுகையின் காரணம் தெரியாது.

எனவே, விழாவில் இசை நாடகங்கள் ஆடிப்பாடிச் சிறக்க, உரையாடல் நாடகங்கள் சிறு அறிமுகத்தோடு அமைய நேர்கிறது. ஒளியமைப்பு, உடையமைப்பு முதலிய துறைகளுக்குரிய விருதுகளும் பல ஆண்டுகளில் முதன்மை ஒளிபரப்புக்கு வெளியே வழங்கப்பெற்றுள்ளன. கண்டோர் பின்னர் நுழைவுச்சீட்டு வாங்குவர் என்னும் வாணிக நோக்கும் இதற்குத் துணைசெய்கிறது.

இது நடுவர்களின் பிழையன்று, கருவியின் இயல்பு. திரையில் மின்னியதே சிறந்தது என மயங்குவதுதான் பிழை. இயல், இசை, நாடகம் எனத் தமிழை மூன்றாகப் பகுத்து, ஒவ்வொன்றையும் அதனதன் தன்மையால் அளந்தறியும் தமிழ் மாணவர்க்கு இவ்வேறுபாடு எளிதில் விளங்கும். விழாவைக் கண்டு மகிழலாம். அங்குப் பெயர் மட்டும் ஒலித்த நாடகத்தைத் தேடி முழுமையாகப் படித்த பின்னரே அதன் தகுதியை உரைத்தல் வேண்டும்.