மதிப்புரையும் இலக்கியச் சூழலும்

'மதிப்புரை' என்னும் சொல் மதிப்பிடுதல், மதித்துப் போற்றுதல் என்னும் இரு பொருளுக்கும் இடந்தருகிறது. நடைமுறையில் பின்னதே மேலோங்கி நிற்கிறது. இதற்கான காரணத்தை நம் மரபிலேயே தேடலாம்.

அச்சுக்கு முன்னர், அவையில் அரங்கேறுவதே ஒரு நூல் ஏற்புப் பெறும் வழியாகக் கருதப்பட்டது. நிலந்தரு திருவின் பாண்டியன் அவையத்தில் அதங்கோட்டாசான் கேட்கத் தொல்காப்பியம் அரங்கேறியதைப் பனம்பாரனாரின் சிறப்புப்பாயிரம் கூறுகிறது. அவ்வாசான் எழுப்பிய வினாக்களுக்கு ஆசிரியர் விடையிறுத்தார் என்பர் நச்சினார்க்கினியர். இது வரலாற்று நிகழ்வா என்பது வேறு வினா. தடைகளுக்கு விடை தந்தே நூல் நிலைபெற வேண்டும் என்னும் எண்ணம் மரபில் இருந்தது என்பதே இங்குக் கருதத்தக்கது.

19ஆம் நூற்றாண்டில் அச்சு பரவியபோது அரங்கேற்றம் மெல்லத் தளர்ந்தது. நூல்களின் முகப்பில் புலவர்களின் சாற்றுகவிகள் நிறைந்தன. வினவுதல் நீங்கிப் புகழ்தல் மட்டும் அச்சேறியது எனலாம். இதழ்களில் வரும் மதிப்புரைகள் பலவும் சாற்றுகவியின் உரைநடை வடிவங்களே. பொருளடக்கத்தைச் சுருக்கிக் கூறி, கட்டமைப்பைப் பாராட்டி, ஓரிரு அச்சுப்பிழைகளைச் சுட்டி, தமிழுலகம் வரவேற்கும் என முடிப்பது அவற்றின் வாய்பாடு.

இவ்வாய்பாட்டை மீறிய முயற்சிகளுள் குறிப்பிடத்தக்கது, சி. சு. செல்லப்பா 1959 சனவரி முதல் 1970 வரை நடத்திய 'எழுத்து'. க. நா. சுப்ரமண்யம், வெங்கட் சாமிநாதன் முதலியோர் அதில் தம் மதிப்பீடுகளைக் காரணங்களுடன் முன்வைத்தனர். மாற்றுக் கருத்துகளும் இடம்பெற்றன. புதுக்கவிதை வேரூன்றியதற்கு அவ்விதழ் வெளியிட்ட கவிதைகளோடு, அவற்றைப் பற்றி நடத்திய விவாதமும் காரணமாகும். 1962இல் வெளிவந்த 'புதுக்குரல்கள்' தொகுப்பு அவ்விவாதச் சூழலில் விளைந்ததே. சிற்றிதழ் விமரிசனம் குறையற்றதன்று. அதன் வாசகர் வட்டம் சிறிது. நூலை விட்டு ஆசிரியரைச் சாடிய இடங்களும் உண்டு. எனினும் நூலைப் பொதுவில் வினவலாம் என்னும் உரிமையை அது மீட்டுத் தந்தது.

மதிப்புரை இவ்வுரிமையைக் கைவிடுமிடத்து நூலின் தரத்தை நூலக ஆணையும் பரிசும் பாடத்திட்டமும் முடிவு செய்கின்றன. இவை முடிவை அறிவிப்பன; காரணம் கூறுவன அல்ல. காரணம் கூறப்படாத முடிவை வாசகர் மறுக்க இயலாது. எழுத்தாளர் அதிலிருந்து கற்கவும் இயலாது. எனவே, மதிப்புரையாளர் தம் அளவுகோலை வெளிப்படையாகக் கூறி, நூலிலிருந்தே சான்று காட்டி, மறுப்புக்கு இடம் விட்டு எழுதுதல் வேண்டும். அதங்கோட்டாசானின் வினாக்கள் தொல்காப்பியத்தைத் தாழ்த்தவில்லை. அது நிலைபெறவே துணைநின்றன.