தொலைக்காட்சித் தொடரும் புராணப் படிப்பு மரபும்

தொலைக்காட்சித் தொடரை ஒரு கலைவடிவமாகக் கொண்டு ஆராயும் முயற்சி நம்மிடையே அருகியே காணப்படுகின்றது. பொழுதுபோக்கென ஒதுக்குவோரும் பண்பாட்டுச் சீரழிவெனக் கண்டிப்போருமே மிகுதி. இருபதாம் நூற்றாண்டின் இறுதிக் கூற்றில் யாழ்ப்பாணக் குடாநாட்டிலே பார்க்கப்பட்ட இரு தொடர்களை, இம்மண்ணின் ஆற்றுகை மரபுகளை அளவுகோலாகக் கொண்டு ஆராய்வதே ஈண்டு எமது நோக்கமாகும்.

இலங்கையில் தொலைக்காட்சி 1979இல் தொடங்கிற்று; ரூபவாஹினி 1982இல் ஆரம்பிக்கப்பட்டது. எனினும், குடாநாட்டு வீடுகளில் உயர்ந்து நின்ற அன்ரெனாக்கள் பாக்கு நீரிணைக்கு அப்பாலிருந்து வந்த தூரதர்ஷன் ஒளிபரப்பையும் நாடின. ராமானந்த சாகரின் ‘ராமாயண்’ 1987 ஜனவரி முதல் 1988 ஜூலை வரையும், பி. ஆர். சோப்ராவின் ‘மகாபாரத்’ 1988 ஒக்ரோபர் முதல் 1990 ஜூன் வரையும் ஞாயிறுதோறும் ஒளிபரப்பாயின. இரண்டும் இந்தி மொழியில் அமைந்தவை.

மொழி அறியாதார் இத்தொடர்களை நுகர்தல் எவ்வாறு இயலும்? இவ்வினாவுக்கான விடை எமது ஆலயங்களிலே உண்டு. புராணப் படிப்பில் ஒருவர் செய்யுளை இசையோடு வாசிப்பார். மற்றொருவர் பயன் சொல்வார். செய்யுள் முழுவதும் விளங்காதோரும் கதையை முன்னரே அறிந்திருத்தலின் கேட்டின்புறுவர். தொடரைப் பொறுத்தவரை, திரையே மூலச் செய்யுளின் இடத்தைப் பெற்றது. பயன் சொல்லும் பணி பார்ப்போரிடமே விடப்பட்டது. எனவே, மொழி விளங்காமை குறையாக மட்டுமன்றி ஒருவகைச் சுதந்திரமாகவும் அமைந்தது என்பது எமது கருத்து.

அச்சுதந்திரத்தின் பெறுமதியை இராவணன் வாயிலாக உணரலாம். சாகரின் தொடர் வால்மீகி, துளசிதாசர் ஆகியோரோடு கம்பரையும் தன் மூலங்களுள் ஒருவராகக் குறிப்பிடுகின்றது. ஆயினும், கம்பரிடத்து இராவணன் பெறும் அவலப் பெருமையை அதிலே முழுமையாகக் காண்டல் அரிது. ஈழத்திலோ, பேராசிரியர் சு. வித்தியானந்தன் பேராதனையில் தயாரித்த ‘இராவணேசன்’ கூத்து அவனை அவலத் தலைவனாகவே மேடையேற்றியிருந்தது. மேலும், இத்தொடர் ஒளிபரப்பாகிக்கொண்டிருந்த 1987 ஒக்ரோபரிலேதான் இந்திய அமைதிப்படைக்கும் விடுதலைப் புலிகளுக்குமிடையே யாழ்ப்பாணத்திற் போர் மூண்டது. இலங்கைமீது படையெடுக்கும் கதையை அந்நிலத்திலிருந்து பார்த்தோர் கொண்ட பயன், இயக்குநர் கருதிய பயனாகவே இருந்திருக்க வேண்டுமென்பதில்லை.

கலையமைதியை நோக்கின், பாத்திரங்களின் முகங்களை மாறி மாறிக் காட்டி ஓர் உணர்ச்சியையே நீட்டித்தல் சாகரின் தொடரிலுள்ள குறையாகும். ராஹி மாசூம் ராசா எழுதிய ‘மகாபாரத்’ இதனினும் செறிவுடையது. அதிலே காலமே கதைசொல்லியாகின்றது. இதனைக் கூத்தின் கட்டியகாரனோடு ஒப்பிடத் தோன்றும். ஆனால், கட்டியகாரன் அவையோர் காணக் களரியிலே நிற்பவன். அவன் பிழைத்தால் அவையோர் அங்கேயே உணர்த்தலாம். காலமோ உருவின்றி, குரலாக மட்டும் ஒலித்துத் தீர்ப்புரைக்கின்றது. புராணப் படிப்பிற் பயன் சொல்வோரிடம் ஐயம் வினவலாம். காலத்திடம் வினவுதல் இயலாது. தொலைக்காட்சி வடிவத்தின் அடிப்படை வரையறை இதுவே எனலாம்.

‘மகாபாரத்’ நிறைவுற்ற 1990 ஜூன் மாதத்திலேயே வடக்கிற் போர் மீண்டும் தொடங்கிற்று. குடாநாடு ஆண்டுக்கணக்கில் மின்சாரமிழந்தது, திரைகள் இருண்டன. புராணப் படிப்புக்கோ ஒரு விளக்கும் இருவர் குரலும் போதுமானவை.

தொடர்களின் ஒளிப்பதிவுகள் இன்றும் உள்ளன; அவற்றுக்கு எம்மவர் சொல்லிக்கொண்ட பயன்களோ எங்கும் பதிவாகவில்லை. அன்று பார்த்தோர் முதுமையுற்றும் புலம்பெயர்ந்தும் வருகின்றனர். அவர்தம் நினைவுகளைத் திரட்டாது எழுதப்படும் தொலைக்காட்சி வரலாறு, மூலத்தை வைத்துக்கொண்டு உரையை இழந்த ஏடாகவே எஞ்சும். அப்பணியை ஆய்வு மாணவர் மேற்கொள்ளல் வேண்டும்.