இரண்டு கத்தரிக்கோல்கள்

ஒரு நாட்டின் நினைவைக் காப்பவர் யார்? ஆள்வோரின் ஆவணக் காப்பகமா, எளிய மக்களின் நெஞ்சமா? ஸ்பெயின் நாட்டுத் திரைப்பட இயக்குநர் பசீலியோ மார்த்தின் பத்தீனோவின் (1930–2017) படைப்புகளை ஒருசேர எண்ணிப் பார்க்கையில் இவ்வினாவே நம்முன் நிற்கிறது. அவருடைய தலைசிறந்த படங்கள் படப்பிடிப்புத் தளத்தில் பிறந்தவை அல்ல. படத்தொகுப்பு மேசையில் பிறந்தவை. பிறர் எடுத்துவைத்த படச்சுருளை வெட்டி, ஒட்டி, அது மறைத்துவைத்த உண்மையை அதன் வாயாலேயே சொல்ல வைத்தவர் அவர்.

சலமான்கா மாநிலத்தின் லும்பிராலெஸ் என்னும் சிற்றூரில் பிறந்த அவருடைய தமையனார், மத்ரித் பேராயர் கர்தினால் தாரங்கோனுக்குத் துணைநின்ற இயேசு சபைக் குரு. தம்பியோ திரைப்படத்தின்பால் ஈர்க்கப்பட்டார். 1955 மே திங்களில் சலமான்காவில் நடைபெற்ற புகழ்பெற்ற திரைப்படக் கருத்தரங்கை முன்னின்று நடத்தியோருள் அவரும் ஒருவர். 1966இல் வெளிவந்த ‘பெர்த்தாவுக்கு ஒன்பது கடிதங்கள்’ அவருடைய முதல் முழுநீளக் கதைப்படம். இங்கிலாந்தில் வாழும் அகதி ஒருவரின் மகளுக்குச் சலமான்கா மாணவன் எழுதும் கடிதங்களே கதை. ஆங்காங்கே உறைந்து நிற்கும் காட்சிகளும் வேகம் குறைந்து நகரும் காட்சிகளும், ஓர் இளைஞனின் மூச்சுத்திணறலை நமக்கு உணர்த்துகின்றன. படத்தொகுப்பின் ஆற்றலை அவர் அன்றே அறிந்திருந்தார்.

அவ்வாற்றல் முழுமையாக மலர்ந்தது ‘ஒரு போருக்குப் பின்னான பாடல்கள்’ என்னும் படத்தில். 1939இல் உள்நாட்டுப் போர் முடிந்த பிறகு ஸ்பெயின் மக்கள் கேட்டு வாழ்ந்த பாடல்களையும், அக்காலச் செய்திப்படங்கள், விளம்பரங்கள், நாளிதழ்த் துணுக்குகள் ஆகியவற்றையும் அவர் இணைத்தார். விளக்கவுரையாளரின் அதிகாரக் குரல் இதில் இல்லை. வெற்றி முழக்கமிடும் பாடலின் அருகே பசித்த முகங்கள் வந்து நிற்கின்றன. களிப்பூட்டும் மெட்டின் மேல் பங்கீட்டு அட்டையின் காலம் நிழலாய் விழுகிறது. பாட்டும் பொய் சொல்லவில்லை, படமும் பொய் சொல்லவில்லை. இரண்டும் அருகருகே அமரும்போது ஆட்சியின் பொய் தானே வெளிப்படுகிறது. 1943 முதல் திரையரங்குகளில் கட்டாயமாகக் காட்டப்பட்ட அரசுச் செய்திப்படம், தன்னை அறியாமலே தனக்கு எதிராகச் சாட்சி சொல்கிறது.

ஆள்வோர் இதனை நன்கு புரிந்துகொண்டனர். 1971இல் உருவான படம் தடைசெய்யப்பட்டது. பிராங்கோ மறைந்ததற்கு அடுத்த ஆண்டான 1976இல்தான் மக்கள் அதைக் கண்டனர். இங்கே இரண்டு கத்தரிக்கோல்கள் மோதுகின்றன. தணிக்கையாளனின் கத்தரி மறக்கச் செய்வதற்காக வெட்டுகிறது. படத்தொகுப்பாளனின் கத்தரி நினைக்கச் செய்வதற்காக வெட்டுகிறது.

தடைக்குப் பின்னும் அவர் பணியவில்லை, மறைவாகவே உழைத்தார். ‘அன்பார்ந்த கொலைத்தண்டனையாளர்களே’ என்னும் படத்தில், கழுத்தை நெரிக்கும் கருவியால் மரண தண்டனையை நிறைவேற்றிய அரசுப் பணியாளர் மூவர் தம் தொழிலைப் பற்றி இயல்பாக உரையாடுகின்றனர். அவர்களை அரக்கர்களாகக் காட்ட அவர் முனையவில்லை. வறுமை அவர்களை இப்பணிக்குத் தள்ளியது. கருவியை அவர்கள் கையில் தந்தது அரசு என்னும் உண்மை நம் மனச்சான்றை உறுத்துகிறது. பிராங்கோவின் எழுச்சியை ஆராயும் ‘காவுதிய்யோ’ என்னும் படத்தைப் போலவே இதுவும் 1977இல்தான் திரைக்கு வந்தது.

எனினும் ஒரு குறையை நாம் சுட்டியாக வேண்டும். பாடல்களின் இனிமை சில வேளைகளில் படத்தின் கூர்மையை மழுக்கிவிடுகிறது. அக்காலத் துயரை அறியாத தலைமுறையினர் பழைய மெட்டுகளை மட்டும் சுவைத்துச் செல்லவும் இடமுண்டு. விளக்கவுரையைத் துறந்ததற்குப் பத்தீனோ கொடுத்த விலை இது. ஆயினும் அவ்விலை தகுந்ததே என்பது நம் துணிபு. பார்ப்பவனுக்குப் பதிலாகத் தானே எண்ணிவிடும் கலை, எத்துணை நல்நோக்கம் கொண்டிருப்பினும், பரப்புரையின் உறவினனாகிவிடும்.

தம் கத்தரியையும் அவர் ஐயுறத் தவறவில்லை. 1987இல் வந்த ‘மத்ரித்’ படத்தில், உள்நாட்டுப் போரின் ஐம்பதாம் ஆண்டை ஒட்டி ஆவணப்படம் எடுக்கவரும் ஜெர்மானிய இயக்குநர், பழைய காட்சிகளுக்கும் இன்றைய தெருக்களுக்கும் இடையே தடுமாறுகிறார். தொகுக்கப்பட்ட படம் உண்மையாகுமா என்னும் அவருடைய கேள்வி பத்தீனோவின் சொந்தக் கேள்வியே. 2011இல் மத்ரித் சதுக்கங்களில் திரண்ட மக்களைப் பற்றி 2012இல் ஒரு படம் தந்தபோது அவருக்கு அகவை எண்பதைக் கடந்திருந்தது. அப்போதும் அவர் பார்வை மேடைகளை நாடவில்லை, முகங்களையே நாடியது.

நினைவு என்பது சேமித்து வைத்த பொருள் அன்று. எதன் அருகே எதை வைக்கிறோம் என்னும் பொறுப்பு. ஒவ்வொரு நாளும் எண்ணற்ற படங்கள் நம் கண்முன் ஓடும் காலம் இது. அவற்றை இணைத்த கை எது, இணைப்பில் விடுபட்ட முகம் யாருடையது என்று கேட்கப் பழகினால், பத்தீனோவின் உழைப்பு நம்மிடத்தும் பயன் தந்ததாகும்.