அச்சத்தை விற்ற படமும் அதனை மறைத்த தடையும்

‘டேம் 999’ என்னும் ஆங்கிலத் திரைப்படம் 2011 நவம்பர் 25 அன்று வெளியாயிற்று. தமிழ்நாட்டில் அது ஒரு காட்சிகூட ஓடவில்லை. வெளியீட்டுக்கு முந்தைய நாளே மாநில அரசு அதனைத் தடைசெய்துவிட்டது. தணிக்கை வாரியம் சான்றிதழ் வழங்கிய படம் அது. தமிழகக் கட்சிகள் நாடாளுமன்றம்வரை அதற்கெதிராகக் குரலெழுப்பியிருந்தன. கலைத்தகுதியால் நினைக்கப்பட வேண்டிய படம் அன்று எனினும், தேனி மாவட்டத்தில் ஊழியம் செய்வோரும் இறையியல் மாணவரும் அதன் வரலாற்றை எண்ணிப் பார்ப்பது தகும்.

பெயரிலேயே சிக்கல் தொடங்குகிறது. 999 என்ற எண் கம்பம் பள்ளத்தாக்கில் குழந்தைக்கும் தெரிந்தது. திருவிதாங்கூர் மன்னருக்கும் ஆங்கில அரசுக்கும் இடையே 1886 அக்டோபர் 29 அன்று கையெழுத்தான முல்லைப் பெரியாறு குத்தகையின் ஆண்டுக்கணக்கு அது. பென்னிகுயிக் 1895-இல் கட்டி முடித்த அணையின் நீர் மலையைக் குடைந்து இப்புறம் வந்தே கூடலூரிலும் கம்பத்திலும் சின்னமனூரிலும் நெல் விளைகிறது. இருபோக நிலம் மட்டும் 14,707 ஏக்கர். வைகைக்குச் சேரும் நீரை நம்பி மதுரையும் சிவகங்கையும் இராமநாதபுரமும் இருக்கின்றன. அணையின் வலிமை குறித்துக் கேரளத்தில் எழுந்த ஐயத்தால் 1979-இல் நீர்மட்டம் 136 அடியாகக் குறைக்கப்பட்டது. 142 அடிவரை தேக்கலாம் என 2006-இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தும் வழக்கு முடியாதிருந்த வேளையில் இப்படம் வந்தது.

இயக்குநர் சோகன் ராய் தம் படம் முல்லைப் பெரியாற்றைப் பற்றியதன்று, 1975 ஆகஸ்டில் சீனத்தின் பான்சியாவ் அணை உடைந்து மாண்டோரின் நினைவுக்கானது என்றார். அப்பேரழிவில் இறந்தோர் இருபத்தாறாயிரம் என்பாருமுண்டு, இரண்டு இலட்சத்துக்கு மேல் என்பாருமுண்டு. அந்நாட்டரசு பல்லாண்டுகள் அதனை உலகறியாமல் மூடி வைத்திருந்தது. உண்மையிலேயே நினைவுகூரத் தக்க துயரம்! ஆனால் படத்தில் அந்தச் சீன உழவர் எங்கே? காதல் ஒன்று, அதைப் பிரிக்கும் சோதிடம் ஒன்று, ஊழல் செய்யும் நகரத்தலைவர் ஒருவர், நவரசங்களையும் ஒரே கதையில் அடைக்கும் முயற்சி, இறுதியில் முப்பரிமாணத்தில் பாய்ந்து வரும் வெள்ளம். அணையின் கீழ் வாழும் மக்கள் இக்கதையில் அடித்துச் செல்லப்படுவதற்காகவே படைக்கப்பட்டிருக்கின்றனர். எவ்வணையையும் குறிக்கவில்லை என்று சொல்லிக்கொண்டே, எல்லாரும் ஓர் அணையை நினைக்கும்படி பெயரிட்டதும் வணிகத் தந்திரமே. மலிவான சதைக்காட்சிப் படங்கள் காமத்தை முதலாக்குவதுபோல இப்படம் அச்சத்தை முதலாக்கியது. ஆங்கிலமும் பெருஞ்செலவும் அதன் இயல்பை மாற்றிவிடவில்லை.

சீலோவாம் கோபுரம் விழுந்து பதினெண்மர் மாண்ட செய்தியை ஆண்டவர் கையாண்ட விதம் இங்கு நினைவுக்கு வருகிறது (லூக்கா 13). இறந்தோரின் விதியை ஆராய அவர் இடங்கொடுக்கவில்லை. கேட்டோரையே திரும்பிப் பார்க்கச் செய்தார். படமோ கட்டடத்தின் விரிசலுக்கும் கிரகநிலைக்கும் முடிச்சுப் போடுகிறது. மனிதரின் பொறுப்பு அங்கே கரைந்து போகிறது. இதுவே இப்படத்தின் மீது நாம் கூறத்தக்க முதன்மையான குற்றச்சாட்டு. தமிழருக்கு எதிரானது என்பது இரண்டாவதே.

அப்படியானால் தடை சரியா? சட்டத்தின் போக்கு தெளிவாகவே இருந்தது. ‘ஒரே ஒரு கிராமத்திலே’ என்னும் தமிழ்ப்படத்தின் வழக்கில், ஆர்ப்பாட்டமும் வன்முறையும் நேரும் என்ற மிரட்டலுக்கு அஞ்சிக் கருத்துரிமையை ஒடுக்கலாகாது என்று 1989 மார்ச் 30 அன்று உச்சநீதிமன்றம் கூறிற்று. ‘ஆரக்‌ஷண்’ என்னும் இந்திப் படத்துக்கு உத்தரப்பிரதேசம் விதித்த தடையை அதே நீதிமன்றம் நீக்கியது 2011 ஆகஸ்டில். மூன்றே மாதங்களில் தமிழ்நாடு மீண்டும் அதே வழியில் சென்றது. தயாரிப்பாளர் உச்சநீதிமன்றத்தை நாடினர். வழக்கு நீண்டதேயன்றிப் படம் இங்குத் திரைக்கு வரவில்லை.

இதில் நாம் வெறும் பார்வையாளர் அல்லர். 2006-இல் ‘டாவின்சி கோடு’ படத்தைத் தடைசெய்யக் கோரியோருள் கிறித்தவர் பலர் இருந்தனர். தமிழக அரசு இணங்கியது. சென்னை உயர்நீதிமன்றம் அத்தடையை நீக்கிற்று. நம் மனம் புண்பட்டபோது நாம் கேட்ட அதே கருவியைத்தான் பிறர் தம் நீர் பறிபோகும் என்றஞ்சியபோது கேட்டனர். உழவரின் அச்சம் நம்முடையதைவிடப் பொருளுள்ளது என்றே சொல்வேன். புனைகதை ஒன்றால் விசுவாசம் வற்றிவிடாது, ஆனால் கால்வாய் வற்றினால் வயல் தரிசாகும். எனினும் கருவி ஒன்றே.

தடை எதனைக் காத்தது என்பதையும் பார்க்க வேண்டும். படம் ஓடாத அந்த டிசம்பரில்தான் குமுளி எல்லை பற்றியெரிந்தது. கம்பத்திலிருந்தும் கூடலூரிலிருந்தும் மக்கள் திரள்திரளாக எல்லை நோக்கி நடந்தனர். போக்குவரத்து நின்றது, தடையுத்தரவு வந்தது. இப்புறம் மலையாளிகளின் கடைகள் தாக்கப்பட்டன. அப்புறம் ஏலத்தோட்டங்களில் கூலிவேலை செய்த தமிழர் அடித்து விரட்டப்பட்டனர். விடியுமுன் ஜீப்பில் நெருக்கியடித்து ஏறி இடுக்கி மலைத்தோட்டங்களுக்குச் செல்லும் நம் ஊர்ப் பெண்களின் நாட்கூலி வாரக்கணக்கில் நின்றுபோயிற்று. அவர்களுக்குச் சோற்றுப் பிரச்சினையைத் தந்தது படம் அன்று. படத்தைத் தடுத்ததனால் அது தீரவுமில்லை.

மலையின் இருபுறமும் தென்னிந்தியத் திருச்சபையின் சபைகள் உள்ளன. வண்டிப்பெரியாற்றில் மழையிரவில் உறங்காத தாயும் சின்னமனூரில் மடை திறக்கக் காத்திருக்கும் உழவரும் ஒரே திருவிருந்துக்கு உரியவர்கள். இவ்விருவரையும் ஒரே கதைக்குள் கொண்டுவரும் ஆற்றல் அப்படத்துக்கு இருக்கவில்லை. நம் பிரசங்கங்களுக்கு இருந்ததா என்பதை அந்தந்தச் சபையாரே சொல்ல வேண்டும்.

2014 மே 7 அன்று ஐவர் கொண்ட அரசியல் சாசன அமர்வு, நீர்மட்டத்தை 136 அடிக்குள் நிறுத்தக் கேரளம் இயற்றிய சட்டத்தைச் செல்லாததாக்கி, 142 அடியை மீண்டும் உறுதிசெய்தது. அச்சம் அதனால் ஓயவில்லை. 2025 மார்ச்சில் வந்த ‘எம்புரான்’ என்னும் மலையாளப் படத்தில் அணை பற்றிய காட்சிகள் இருந்தமையால் கம்பம் பள்ளத்தாக்கு விவசாயிகள் மறுபடியும் போராட்டத்தில் இறங்கினர்.