ஒளிவட்டத்தை அகற்றிய ஒளிப்பதிவாளர்

ஒளி என்றாலே அருள் என்று கைகூப்புவோர் உலகெங்கும் உண்டு. படநிலையங்களும் அந்தப் பழக்கத்துக்குப் பணிந்தே நடந்தன. நடிகரின் பின்னே ஒரு விளக்கு. தலைமுடியைச் சுற்றி ஒரு பொன்வட்டம். காண்போர் நெஞ்சிலே பரவசம்!

அந்த விளக்கை அகற்றியவர் ஸ்வீடன் நாட்டு ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்ட். 1922-இல் பிறந்த அவருடைய பெற்றோர் காங்கோவிலே மதம் பரப்பச் சென்றவர்கள். இயக்குநர் இங்மர் பெர்க்மனோ பாதிரியாரின் மகன். இவ்விருவரும் 1963-இல் வெளிவந்த 'குளிர்கால ஒளி'க்காகத் தேவாலயம் ஒன்றிலே மணிக்கணக்கில் அமர்ந்தனர். தொழவா? இல்லை! மேகம் கவிந்த பகலில் ஒளி எவ்வாறு மாறுகிறது என்று குறித்துக்கொள்ள. அங்கே நிழலே விழவில்லை என்பதைக் கண்டனர். படநிலையத்தில் அதேபோன்ற தேவாலயத்தை எழுப்பியபோது, உயரே விளக்கு மாட்ட இடமின்றிக் கூரையையும் அடைத்துவிடச் சொன்னார் நிக்விஸ்ட். வெண்பரப்புகளில் பட்டுத் திரும்பிய மெல்லொளியே போதுமென்றார். ஆய்ந்தறிந்த பின்னரே கருவியைத் தொட்ட இந்தப் போக்கை நாம் எங்ஙனம் போற்றாதிருப்பது?

கதையில் நம்பிக்கை இழந்த பாதிரியார் ஒருவர். அவரைக் காதலிப்பவள் கடவுள் மறுப்பாளரான பள்ளி ஆசிரியை. அவள் எழுதிய கடிதத்தை அவள் முகமே நமக்குச் சொல்கிறது. நிமிடக்கணக்கில் நீளும் அந்தக் காட்சியிலே இன்கிரிட் தூலினின் முகத்தை அழகுபடுத்த ஒளி முயலவேயில்லை. அதனாலேயே கண்ணை எடுக்க முடியவில்லை. பின்னர், கடவுள் கைவிட்டார் என்று பாதிரியார் உணரும் கணத்தில்தான் சாளரத்தின் வழியே வெளிச்சம் பொங்கி அவர் முகத்தில் விழுகிறது! ஆண்டவன் வரும்போது காட்டப்படும் ஒளி, இங்கே அவன் போனபோது வருகிறது.

ஆனால் பெர்க்மனோடு நமக்கு ஒரு வழக்கு உண்டு. சீனாவின் அணுகுண்டை எண்ணி நடுங்கும் மீனவன் ஒருவன் ஆறுதல் தேடி வருகிறான். பாதிரியார் தம் ஐயங்களையே அவன்மேல் கொட்டுகிறார். அவன் தன்னைத்தானே சுட்டுக்கொள்கிறான். குண்டைச் செய்தவன் மனிதன், தடுக்கவேண்டியவனும் மனிதனே. அந்தப் பேச்சே படத்தில் எழவில்லை. கடவுள் ஏன் பேசவில்லை என்ற புலம்பலிலேயே காலம் கழிகிறது. இறுதியில் பாதிரியார் ஆளரவமற்ற கோயிலில் மீண்டும் வழிபாடு நடத்தத் தொடங்கிவிடுகிறார்! ஒளிப்பதிவாளர் சென்ற தொலைவு இயக்குநர் செல்லவில்லை என்றே சொல்வோம்.

பின்னாளில் 'அழுகைகளும் கிசுகிசுப்புகளும்' (1972), 'ஃபானியும் அலெக்ஸாண்டரும்' (1982) என்னும் வண்ணப் படங்கள் நிக்விஸ்டுக்கு ஆஸ்கார் விருதுகளைத் தந்தன. 2006-இல் அவர் மறைந்தார். நாமோ, வண்ணமற்ற அந்தப் பழைய படத்தையே முதலில் தேடிக் காணச் சொல்வோம்.