பண்டோராவில் லயம் இல்லை

மனிதன் மூச்சுவிட முடியாத ஓர் அந்நிய நிலவைக் கற்பனையில் படைத்து, அங்கே ஒரு கம்பெனியை இறக்கி, அதன்வழியாகக் காலனியத்தின் கதையைச் சொல்வது அறிவியல் புனைவில் வேரூன்றிவிட்ட உத்தி. ஜேம்ஸ் கமரூனின் ‘அவதார்’ (2009) இதற்குப் பெயர்பெற்ற எடுத்துக்காட்டு. அதில் வரும் பண்டோரா, பொலிஃபீமஸ் என்ற பெருங்கோளைச் சுற்றும் துணைக்கோள். முகமூடி இல்லாமல் வெளியே வந்தவர் சில நொடிகளில் மயங்கி, சில நிமிடங்களில் உயிர்விடுவார். காட்டு விலங்குகள் கூட்டமாக வந்து பாயும். மலைகள் அந்தரத்தில் மிதக்கும். விலைமதிப்பற்ற ஒரு கனிமத்துக்காகத்தான் மனிதர் அங்கே போகிறார்கள். அது மிகுதியாகக் கிடப்பதோ, ‘நாவி’ என்ற பழங்குடியினர் குடியிருக்கும் பெருமரத்தின் அடியில்.

நிலப்பறிப்பைக் கண்ணால் பார்க்க வைப்பதே இந்த உத்தியின் பெரிய பலம். இலங்கையின் ஊவாப் பகுதியில் அந்தப் பறிப்பு நீண்ட காலம் நடந்தது. பிரித்தானியர் 1817–18 கிளர்ச்சியை அடக்கியபோது வயல்களும் குளங்களும் கால்நடைகளும் அழிக்கப்பட்டன. பிறகு வந்த 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம், காட்டையும் பயிரிடப்படாத தரையையும், மாறாக நிரூபிக்கப்படாத வரை, முடிக்குரிய நிலமாகக் கொண்டது. சேனை செய்து பிழைத்த கண்டிக் கிராமத்தவரிடம் காட்டுவதற்குப் பத்திரம் ஏது? முடிக்குரியதான நிலம் கோப்பித் துரைமாரின் கைக்குப் போனது. பாடநூலில் இது ஓர் இலக்கமும் ஆண்டுமாக ஒடுங்கிவிடும். திரையில் அந்தப் பெருமரம் சரியும்போது, எதை இழந்தார்கள் என்பது குழந்தைக்கும் விளங்குகிறது. இன்னொரு நன்மையும் உண்டு. கற்பனை நிலவுக்குச் சிங்களவர், தமிழர் என்ற பேதம் இல்லை. கிராமத்தையும் தோட்டத்தையும் ஒன்றுக்கொன்று எதிராக நிறுத்திப் பழகிய நாட்டில், யார் பக்கம் என்று யோசிக்காமல் அநீதியை அநீதியாகப் பார்க்க இப்படியொரு தூரம் உதவுகிறது.

ஆனால் பண்டோராவில் இரண்டே தரப்புகள்: மண்ணுக்குரியவர்கள், கம்பெனிக்காரர்கள். ஊவாவை உருவாக்கிய மூன்றாம் தரப்பு அங்கே இல்லை. காட்டை வெட்டியதும் கன்று நட்டதும் துரை அல்ல. ஆள்சேர்க்கும் கங்காணியிடம் முன்பணம் வாங்கி, தமிழகத்துக் கிராமங்களிலிருந்து வந்து, மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே நடந்து, வாந்திபேதிக்கும் காய்ச்சலுக்கும் வழியெல்லாம் உறவுகளைப் பலிகொடுத்த மக்கள்தான் அதைச் செய்தார்கள். அவர்கள் மண்ணைப் பறித்தவர்களும் அல்லர், மண்ணை இழந்த கிராமத்தவரும் அல்லர். கடன் கணக்கைச் சொன்ன ‘துண்டு’ தீராமல் அடுத்த தோட்டத்துக்குப் போகவும் அவர்களால் இயலவில்லை. 1921இல்தான் அம்முறை ஒழிந்தது. கம்பெனியின் ஆட்களை எல்லாம் படையாட்களும் அலுவலர்களுமாகவே காட்டும் கதைக்குள் இவர்களை எங்கே நிறுத்துவது?

அதே கமரூனின் ‘ஏலியன்ஸ்’ (1986) இந்த இடத்தில் சற்றே உண்மையை நெருங்குகிறது. அதில் எல்.வி-426 என்ற நிலவில் குடும்பம் குடும்பமாக ஆட்கள் வேலைக்குக் குடியேறியிருக்கிறார்கள். குறிப்பிட்ட இடத்தைப் போய்ப் பார்க்கும்படி தொலைவிலிருந்து ஓர் உத்தரவு வருகிறது. காரணம் கேட்டால் பதில் வர இரண்டு வாரம் ஆகும், வந்தாலும் விளக்கம் இராது என்று அங்கிருக்கும் நிர்வாகி அலுத்துக்கொள்வதை, படத்தின் நீண்ட பதிப்பில் காணலாம். ஆபத்தை அறிந்தே உத்தரவிட்டவன் எங்கோ இருக்கிறான். பிள்ளைகளோடு வண்டியேறிப் போன குடும்பத்துக்கு எதுவும் தெரியாது. இலண்டனுக்கும் கொழும்புக்கும் பதில் சொன்ன தோட்ட நிர்வாகத்தை அறிந்தவர்களுக்கு இந்தக் காட்சி புதிதாக இராது. ஆனால் அதற்கு மேல் படம் போகவில்லை. சிறுமி ஒருத்தியைத் தவிர அந்த மக்கள் எல்லோரும் மீட்புப் படையின் கதையைத் தொடங்கிவைக்கவே செத்துப்போகிறார்கள். மாறாக, ஊவாவின் பதுளைத் தோட்டங்களில் ஆசிரியராக இருந்த தெளிவத்தை ஜோசப்பின் கதைகள், தோட்டத் தொழிலாளரின் வரிசைக் குடியிருப்பான லயத்துக்குள்ளேயே நுழைந்து, ஒரே காம்பராவில் சமைத்து, உறங்கி, பிள்ளை பெற்று வாழும் குடும்பத்தின் மானத்தையும் கூச்சத்தையும் சொல்கின்றன. அந்த உள்ளறை கற்பனை நிலவுகளில் இன்னும் கட்டப்படவில்லை.

ஆபத்து எங்கிருந்து வருகிறது என்பதிலும் இந்த உத்தி தவறான பாடம் சொல்கிறது. நிலவின் காற்றே நஞ்சு, விலங்கே கொலைகாரன் என்றால் பழி இயற்கைமேல் விழும். ஆனால் ஊவாவில் நடந்ததைப் பாருங்கள்: 2014 ஒக்டோபர் 29 காலையில் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. பள்ளிக்கூடம் போயிருந்த பிள்ளைகள் தப்பினார்கள். திரும்பி வரும்போது வீடு இல்லை, சிலருக்குப் பெற்றோரும் இல்லை. மழை பெய்தது உண்மை. ஆனால் அந்தச் சரிவு ஆபத்தானது என்று 2005இலும் 2011இலும் எச்சரிக்கை விடப்பட்டிருந்தது. மாற்று நிலமும் வீடும் கையில் கிடைக்காத கூலிக் குடும்பம் எச்சரிக்கையைக் கேட்டு எங்கே போகும்? மலை கொன்றது என்று எழுதுவதைவிட, அந்தச் சரிவிலேயே மக்களை விட்டுவைத்தது யார் என்று கேட்பதே நேர்மை.

எல்லாவற்றிலும் பெரிய குறை முடிவில் இருக்கிறது. பண்டோராவில் ஒரே போரில் கம்பெனி தோற்கிறது, தோற்றவர்கள் கப்பலேறுகிறார்கள். ஊவாவில் கம்பெனிப் பயிர் ஒருமுறை உண்மையாகவே தோற்றது. 1869இல் மடுல்சீமையில் தென்பட்ட இலைத்துரு நோய் இலங்கையின் கோப்பியையே அழித்தது. ஆனாலும் துரைமார் போகவில்லை. அதே மலையில் தேயிலை வைத்தார்கள். கோப்பிக்குப் பருவத்துக்கு வந்து போன ஆட்கள், ஆண்டு முழுதும் கொழுந்து எடுக்க வேண்டியிருந்ததால் அங்கேயே தங்கித் தலைமுறைகளானார்கள். 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964ஆம் ஆண்டு சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்பத் தீர்மானித்தது. பதுளையிலிருந்து ரயிலேறித் தலைமன்னாரில் கப்பல் பிடித்தவர்கள் தோட்டத்தை ஆண்டவர்கள் அல்லர், அதை உண்டாக்கியவர்களின் பிள்ளைகள்.