நடந்து வந்தவர்கள்

'பராசக்தி'யை நான் முதலில் பார்த்தது எங்க ஆயாவோடு, உளுந்தூர்பேட்டைக்குப் பக்கத்தில், காலனி வீட்டு டிவியில். சிவாஜி பேசுகிற இடமெல்லாம் நான் வாயைப் பிளந்துகொண்டு கிடந்தேன். ஆயா ஒன்றே ஒன்றுதான் கேட்டது: "ஏண்டா, நடந்து வந்தத ஏன் முழுசா காட்டாம வுட்டுட்டான்?"

ஆயா ஆறு வயசில் ரங்கூனிலிருந்து அப்பன் தோளில் உட்கார்ந்து வந்தது. எம்.ஏ. தமிழ் படித்து விமர்சனம் எழுதக் கற்றுக்கொண்ட பிறகும் அந்தக் கேள்வியைத் தாண்டி என்னால் இந்தப் படத்தைப் பார்க்க முடியவில்லை.

1941 டிசம்பர் 23 அன்று ஜப்பான் ரங்கூன்மேல் குண்டு போட்டது. 1942 மார்ச்சில் நகரம் விழுந்தது. 4 லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள் பர்மாவைவிட்டு ஓடினார்கள். கப்பலில் இடம் கிடைக்காதவர்கள் அரக்கான் மலை தாண்டிச் சிட்டகாங்குக்கும், தமு வழியாக மணிப்பூருக்கும் நடந்தார்கள். காலராவிலும் பசியிலும் பல்லாயிரம் பேர் வழியிலேயே செத்தார்கள். வெள்ளையனுக்கு ஒரு வழி, கறுப்பனுக்கு ஒரு வழி என்று பிரித்ததைத் தேசியத் தலைவர்கள் அன்றைக்கே கண்டித்தார்கள். கறுப்பு வழிக்குள்ளேயும் ஒரு கோடு இருந்ததை ஆயா சொல்லித்தான் நான் கேட்டேன். "ஆத்துல நாங்க கீழ்ப்பக்கம்தான் எறங்கணும். பொணம் மெதந்து வர்ற ஆறு. அதுலயும் மேல கீழ பாத்தானுங்க."

1952இல் மு. கருணாநிதி வசனத்தில், கிருஷ்ணன்-பஞ்சு இயக்கத்தில் வந்த படம் இந்த ஓட்டத்திலிருந்துதான் கிளம்புகிறது. தப்பி வந்தவனுக்குச் சொந்த நாட்டிலேயே சோறும் இடமும் இல்லை என்று சொன்னது பெரிய காரியம், நான் மறுக்கவில்லை. ஆனால் அதில் அகதி யார்? மாணிக்கம் பிள்ளையின் பிள்ளைகள். அண்ணன் இங்கே வந்து நீதிபதியாகிறான். ஒரு தம்பி குண்டில் காலை இழந்து பிச்சையெடுக்கிறான். யுத்தம் ஒரு நல்ல குடும்பத்தைச் சிதறடித்த விபத்து, அவ்வளவுதான். குடும்பம் சேர்ந்ததும் கதை முடிகிறது. சேர்ந்தவர்கள் ஏழைகளுக்கு இல்லம் திறக்கிறார்கள். ஏழை அங்கே கைநீட்டி வாங்குகிறவன். காடு கடந்து நடந்தவன் அல்ல.

ஷோபாசக்தி நடித்த 'தீபன்' (2015) இதைத் திருப்பிப் போடுகிறது. ஒருவருக்கொருவர் யாருமில்லாத ஆண், பெண், சிறுமி மூவரும் செத்தவர்களின் பாஸ்போர்ட்டில் குடும்பமாக வேஷங்கட்டி ஈழத்திலிருந்து தப்புகிறார்கள். யுத்தம் இங்கே குடும்பத்தைப் பிரிக்கவில்லை, உண்டாக்குகிறது. ஆயாவின் நடைக்கு இது கொஞ்சம் கிட்ட வருகிறது.

ஆனாலும் இரண்டு படத்திலும் ஓட்டம் யுத்தத்தோடுதான் தொடங்குகிறது. நமக்கு அப்படியில்லை. என் பூட்டன் பர்மாவுக்குப் போனதே ஓட்டம்தான். பண்ணையில் அடிபட்டு, மேஸ்திரியிடம் முன்பணம் வாங்கி, ராவோடு ராவாகப் போனவர். ஊருக்கு வெளியே வைக்கப்பட்டவனுக்குத் தனிமை காட்டில் வந்தா புதுசாகத் தெரிய வேண்டும்?

ரங்கூனில் வாங்கிய செருப்போடு அவர் அத்தனை மலையும் நடந்தார். அறுந்தபோதெல்லாம் நாரால் கட்டிக்கொண்டார். "நம்மூரு எல்லை வந்ததும் கழட்டிக் கக்கத்துல வச்சிக்கிச்சு எங்கப்பன். நான் தோள்ல இருந்து பாத்தேன்" என்றது ஆயா.

படம் எடுக்கிற தோழர்களே, உங்கள் அகதி எந்த எல்லையில் செருப்பைக் கழற்றுகிறான் என்று காட்டுங்கள். அந்த நடையை நடந்த கிழவிகள் இன்று அநேகமாக இல்லை. சொல்லக் கேட்டவர்கள் நாம் இருக்கிறோம். நாமாவது எழுதி வைப்போம்.